கால்பந்து ஆடி முடித்த பெண்ணைப் பயிற்சியாளராக வையுங்கள்: நெல்லைச் சீமைக் கல்லூரி நிர்வாகங்களுக்கு ஒரு திறந்த மடல்

திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி மாவட்டங்களில் கல்லூரி நடத்தும் செயலாளர்களுக்கும் முதல்வர்களுக்கும் வணக்கம்.

நான் இந்தப் பக்கத்துப் பெண். உவரிக்கும் கூட்டப்புளிக்கும் நடுவில் ஒரு கடற்கரை ஊரில் பிறந்தேன். பாளையங்கோட்டையில் படித்தேன். கல்லூரி அணிக்கும் பல்கலைக்கழக அணிக்கும் கால்பந்து ஆடினேன். இப்போது ஒரு கல்லூரியின் பெண்கள் அணிக்குப் பயிற்சி கொடுக்கிறேன். உங்களிடம் கேட்க வந்தது ஒன்றே ஒன்றுதான். உங்கள் கல்லூரியில் பெண்கள் கால்பந்து அணி இருந்தால், ஆடி முடித்த ஒரு பெண்ணை ஆண்டு முழுவதும் சம்பளம் கொடுத்துப் பயிற்சியாளராக வையுங்கள். போட்டி நெருங்கும்போது கூப்பிட்டு, முடிந்ததும் அனுப்பிவிடும் வழக்கம் போதும்.

இப்போது நடப்பது உங்களுக்குத் தெரியாதது இல்லை. ஜூனில் கல்லூரி திறக்கும். அப்புறம் முதலாண்டுப் பிள்ளைகள் வந்து சேர்வார்கள். பல்கலைக்கழகத்திலிருந்து கல்லூரிகளுக்கு இடையிலான போட்டி அட்டவணை வந்த பிறகுதான் 'டீம் போடணும்' என்ற பேச்சே எழும். உடற்கல்வி இயக்குநர் ஒருவர்தான் இருப்பார். கபடி, வாலிபால், தடகளம், ஆண்டு விளையாட்டு விழா எல்லாம் அவர் தலையில். அவரைக் குறை சொல்ல எனக்கு மனசு வராது. அவரும் என்னதான் செய்வார், யாராவது ஒரு பழைய மாணவிக்கு போன் போடுவார். 'மூணு வாரம் வந்து பார்த்துக்கோம்மா.' அவளும் பந்து மேல் உள்ள பிரியத்தில் வந்துவிடுவாள்.

மூன்று வாரத்தில் என்ன சொல்லித் தர முடியும்? யார் கீப்பர், யார் ஸ்டாப்பர் என்று நிறுத்திவைக்கலாம். கார்னர் வந்தால் யார் எங்கே நிற்பது என்று பழக்கலாம். அதற்கு மேல் முடியாது. முதல் சுற்றில் தோற்றால் அன்றோடு சரி. ஜெயித்து வந்தால் அறிவிப்புப் பலகையில் படம் ஒட்டுவார்கள், அதற்கப்புறம் பந்துகள் மறுபடி அறைக்குள் போய்விடும். நான் முதன்முதலில் இப்படிப் போன ஒரு கல்லூரியில், பணம் போட்டி முடிந்து பல மாதம் கழித்துத்தான் கைக்கு வந்தது. வவுச்சரில் 'சிற்றுண்டிச் செலவு' என்று எழுதியிருந்தார்கள். கணக்கர் நல்ல மனிதர். பயிற்சியாளர் சம்பளம் என்று ஒரு தலைப்பே கணக்கில் இல்லை, வேறு எதில் எழுதுவது என்று அவரே வருத்தத்தோடு கேட்டார். அந்தத் தலைப்பை உங்கள் கணக்கில் சேர்க்கச் சொல்லித்தான் இந்த மடல்.

தமிழ்நாட்டுப் பெண்கள் இந்த ஆட்டத்தில் யாருக்கும் சளைத்தவர்கள் இல்லை. 2018ல் கட்டாக்கில் நடந்த தேசிய சீனியர் பெண்கள் போட்டியில் நம் மாநில அணி இறுதியில் மணிப்பூரை 2-1 என்று வீழ்த்தி முதல் முறையாகக் கோப்பையை எடுத்தது. மணிப்பூர் இந்த ஆட்டத்தில் எப்படிப்பட்ட மலை என்பது ஆடியவர்களுக்குத் தெரியும். 2023ல் அமிர்தசரஸில் ஹரியானாவை வென்று மறுபடியும் கோப்பை. மதுரையின் சேது எஃப்.சி. 2019ல் இந்தியப் பெண்கள் லீக்கையே ஜெயித்தது. மதுரைக்கும் நமக்கும் இடையில் மூன்று மணி நேர பஸ் பயணம்தான். கடலூர்ப் பக்கத்திலிருந்து வந்த பெண்கள் நாட்டுக்கு ஆடுகிறார்கள். நம் கடற்கரையில் சாயங்காலமானால் பையன்கள் பந்தோடு மணலில் இறங்குகிறார்கள், கோயில் திருவிழாவுக்குத் திருவிழா டோர்னமென்ட் நடக்கிறது. பிள்ளைகளும் பார்த்துப் பார்த்துத்தான் வளர்கிறார்கள். அப்படியிருந்தும் இங்கிருந்து மாநில அணி வரை போகும் பெண்கள் ஏன் இவ்வளவு குறைவு? கற்றுத் தர ஆள் நிலையாக இல்லை என்பதுதான் இத்தனை காலம் பார்த்ததில் எனக்குக் கிடைத்த பதில்.

ஆடியவர்கள் எல்லாம் எங்கே போகிறார்கள் என்று பாருங்கள். பெரிய ஆட்டக்காரர்களுக்குக் காவல் துறையிலோ ரயில்வேயிலோ வேலை கிடைக்கிறது. இந்திய அணிக்கு ஆடிய இந்துமதி கதிரேசன் தமிழ்நாடு காவல் துறையில் உதவி ஆய்வாளர். அது பெருமையான விஷயம். ஆனால் கல்லூரி, பல்கலைக்கழக அளவில் நன்றாக ஆடிய பெண்களுக்கு, டிகிரி வாங்கிய அன்றே பந்தோடு உள்ள உறவு முறிந்துபோகிறது. என்னோடு ஆடிய ஒருத்தி இடது விங்கில் பந்தை வாங்கினால் கோட்டை ஒட்டியே ஓட்டிப்போய், எதிராளி எந்தக் காலில் பாரம் வைத்திருக்கிறாள் என்று பார்த்து, அந்தப் பக்கமாகவே வெட்டித் திரும்புவாள். பாரம் இறங்கிய காலை உடனே தூக்க முடியாதே. இதை அவளுக்கு யாரும் சொல்லித் தரவில்லை, ஆடி ஆடித் தானே கண்டுபிடித்தது. இன்று டவுனில் ஒரு ஜவுளிக் கடையில் சேலைப் பிரிவில் நிற்கிறாள். அவள் கண்டுபிடித்தது எந்தப் பிள்ளைக்கும் போய்ச் சேரவில்லை. அடுத்து வருகிறவள் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

ஆடிய பெண்ணே பயிற்சியாளராக இருந்தால் என்ன வித்தியாசம் என்று கேட்பீர்கள். மைதானத்தில் நான் தினமும் பார்ப்பதைச் சொல்கிறேன்.

பெண்களுக்கு முழங்காலில் ஏ.சி.எல். என்று சொல்லும், எலும்புகளைப் பிணைக்கும் தசைநார் அறுந்துபோகும் ஆபத்து ஆண்களைவிட அதிகம். இடித்து விழுவதால் மட்டும் வருவதில்லை. ஹெட் பண்ணக் குதித்து இறங்கும்போதோ, ஓடிக்கொண்டே சட்டென்று திரும்பும்போதோ, முழங்கால் உள்பக்கமாக மடங்கும். பக்கத்தில் யாருமே இருக்க மாட்டார்கள், 'டப்' என்று ஒரு சத்தம், பிள்ளை உட்கார்ந்துவிடுவாள். அதோடு பெரும்பாலும் ஆட்டம் முடிந்த மாதிரிதான். அறுவைச் சிகிச்சைக்குச் செலவு செய்ய எந்த வீட்டில் வசதி இருக்கிறது? இதைப் பெரும் அளவுக்குத் தடுக்க வழி இருக்கிறது. ஃபிஃபா 11 பிளஸ் என்ற வார்ம்-அப் முறை சுமார் 20 நிமிடம் பிடிக்கும். ஓட்டம், தொடைக்கும் இடுப்புக்கும் வலு, ஒற்றைக் காலில் நிற்பது, குதித்து இறங்குவது, மறுபடி ஓட்டம். ஒரு பந்து இருந்தால் போதும், கருவி எதுவும் வாங்க வேண்டாம். நார்வேயில் பதின்வயதுப் பெண்களிடம் நடத்தி 2008ல் வெளியான ஆய்வில், இதைச் செய்தவர்களுக்குக் காயம் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்திருந்தது.

ஆனால் இதை வாரத்துக்கு இரண்டு மூன்று தடவையாவது, மாதக் கணக்கில் செய்தால்தான் பலன். அதுவும் சும்மா எண்ணிக்கைக்குச் செய்தால் பிரயோசனம் இல்லை. பக்கத்தில் நின்று ஒவ்வொருத்தியின் முட்டியையும் பார்க்க வேண்டும். 'ஏட்டி, முட்டி உள்ள போகுது பாரு, பாதத்துக்கு நேரா வை' என்று அவள் பழகும்வரை சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். குதிக்கும்போது ஷார்ட்ஸை இழுத்துவிட்டுக்கொண்டே, யாராவது பார்க்கிறார்களா என்று கூச்சத்தோடு குதிக்கும் பிள்ளைகள்தான் முதல் மாதத்தில் அதிகம். கூச்சப்பட்டுக்கொண்டே குதிக்கிறவளுக்கு இறங்குவதில் கவனம் இருக்காது. ஒரு பெண் முன்னால் நின்று தானே குதித்துக் காட்டும்போது அந்தக் கூச்சம் மெல்லக் கழன்றுபோகிறது. மூன்று வார ஆளால் இதைச் செய்யவே முடியாது.

இன்னொன்று ரத்தம். 2019-21ல் எடுத்த தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 53.4 சதவீதம் பேருக்கு ரத்தசோகை. உங்கள் அணியிலும் பாதிப் பேருக்கு இருக்கலாம் என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாம் பாதியில் ஒருத்தி கால் தூக்க முடியாமல் நிற்கிறாள் என்றால், தெரியாதவர் 'ஸ்டாமினா இல்லை, இன்னும் நாலு ரவுண்டு ஓடு' என்பார். மாதவிடாய் எப்போது வந்தது, எத்தனை நாள் இருந்தது, காலையில் என்ன சாப்பிட்டாய் என்று கேட்கத் தோன்றுவது அதைத் தானும் கடந்து வந்தவளுக்குத்தான். முக்கியமாக, அந்தக் கேள்விக்கு நிஜமான பதில் அவளிடம்தான் வரும். ஆரம்ப சுகாதார நிலையத்தில் ஹீமோகுளோபின் பார்க்கச் சொல்லி, மாத்திரை வாங்கிக் கொடுத்து, சாப்பாட்டோடு டீ குடித்தால் இரும்புச்சத்து உடம்பில் சரியாகச் சேராது என்று விடுதியில் சொல்லி வைத்தால், சில மாதத்தில் அதே பிள்ளை கடைசி நிமிடம் வரை ஓடுவதைப் பார்த்திருக்கிறேன்.

அப்புறம் வீடு. இதை நிர்வாகங்கள் கணக்கிலேயே எடுப்பதில்லை. முக்கூடலில் ஒரு மாணவி வீட்டுக்குப் போயிருந்தேன். அம்மா மடியில் சுளகை வைத்துப் பீடி சுற்றிக்கொண்டே பேசினார். தலை நிமிரவில்லை, கையும் நிற்கவில்லை. மகள் வெளியூர்ப் போட்டிக்கு வர வேண்டும் என்று சொன்னேன். 'கூட யாரு வாரா?' என்று கேட்டார். 'நான்தான் அக்கா வாரேன், ராத்திரி அவ பக்கத்துலதான் படுப்பேன்' என்றேன். அப்போதுதான் கை நின்றது, என்னை ஒரு தடவை மேலும் கீழும் பார்த்தார். 'நீங்களும் பந்து விளையாடுனவங்களா? கல்யாணம் ஆயிட்டா?' ஆகிவிட்டது, ஒரு பையன் இருக்கிறான் என்றேன். 'அப்ப கூட்டிட்டுப் போங்க' என்று சொல்லிவிட்டு இலையை வெட்ட ஆரம்பித்தார். அவர் பயந்தது ஆட்டத்துக்கு இல்லை. பந்து விளையாடினால் மகளின் வாழ்க்கை என்னவாகும் என்பதற்கு அவருக்கு ஒரு ஆள் தேவைப்பட்டது, எதிரே உட்கார்ந்திருந்தேன். எத்தனை சுற்றறிக்கை அனுப்பினாலும் இந்த வேலை நடக்காது.

விதி இடம் கொடுக்காது என்று சிலர் சொல்கிறார்கள். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 விதிகளின்படி உடற்கல்வி இயக்குநர் ஆக வேண்டுமென்றால் முதுகலை உடற்கல்விப் பட்டம், 55 சதவீத மதிப்பெண், நெட் தேர்வு அல்லது முனைவர் பட்டம், ஆடிய சான்று, அதோடு உடல்தகுதித் தேர்வு வேண்டும். 30 வயது வரையுள்ள பெண் 8 நிமிடத்தில் 1000 மீட்டர் ஓட வேண்டும். இந்தப் படிப்பு இல்லாமலே நுழைய இன்னொரு வாசல் உண்டு. ஏதாவது ஒரு முதுகலைப் பட்டமும், ஆசிய விளையாட்டுப் போட்டியிலோ காமன்வெல்த் போட்டியிலோ பதக்கமும் இருந்தால் போதும். நம் பெண்களுக்கு அந்த வாசல் சாத்தியே கிடக்கிறது. காமன்வெல்த்தில் கால்பந்தே கிடையாது. ஆசிய விளையாட்டில் இந்தியப் பெண்கள் அணி இதுவரை பதக்கம் வாங்கியதில்லை. ஆகவே இந்தியாவின் மிகச் சிறந்த கால்பந்து வீராங்கனைகூட அந்த வழியாக ஒரு கல்லூரிக்குள் வர முடியாது.

சரி, அந்த விதியை மாற்றுவது உங்கள் கையில் இல்லை. ஆனால் நான் கேட்பது இயக்குநர் பதவியை இல்லை. அவருக்குக் கீழே ஒரு கால்பந்துப் பயிற்சியாளர். அதை நிர்வாகமே தன் நிதியிலிருந்து நியமிக்கலாம், யாரும் தடுக்கப்போவதில்லை. அதற்கான தகுதியும் தெளிவாகவே இருக்கிறது. அகில இந்தியக் கால்பந்து சம்மேளனத்தின் டி லைசென்ஸ், அதற்கு மேல் ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பின் சி, பி, ஏ, கடைசியில் ப்ரோ. படிப்படியாக ஏற வேண்டியது. பாட்டியாலா தேசிய விளையாட்டு நிறுவனத்தின் ஆறு வாரச் சான்றிதழ்ப் படிப்பும் இருக்கிறது. டி லைசென்ஸ் வைத்திருக்கும் பெண்ணை எடுத்து, சி லைசென்ஸுக்குக் கட்டணத்தையும் விடுப்பையும் கல்லூரி கொடுத்தால், இரண்டு மூன்று வருடத்தில் இந்த வட்டாரத்துக்கே ஒரு நல்ல பயிற்சியாளர் கிடைப்பார்.

இந்தப் பாதையில் நடந்து காட்டியவர்கள் நம் நாட்டிலேயே இருக்கிறார்கள். இந்தியாவுக்கு ஆடிய கோவாவின் மேமோல் ராக்கி, 2017ல் தேசியப் பெண்கள் அணியின் முதல் பெண் தலைமைப் பயிற்சியாளர் ஆனார். மலை தாண்டினால் கேரளம். அங்கே பி.வி. பிரியா பயிற்றுவித்த கோகுலம் அணி 2020ல் இந்தியப் பெண்கள் லீக்கை ஜெயித்தது. மணிப்பூர்க் கால்பந்து வீராங்கனை பெம்பெம் தேவிக்கு 2017ல் அர்ஜுனா விருதும் 2020ல் பத்மஸ்ரீயும் கிடைத்தன. அவருக்கு முன் கால்பந்துக்காக அர்ஜுனா வாங்கிய பெண் சாந்தி மல்லிக், 1983ல். இடையில் 34 வருடம் ஒரு பெண்ணுக்குக்கூட இல்லை. நாடு இவர்களை எவ்வளவு காலம் திரும்பிப் பார்க்காமல் இருந்தது என்பதை நினைத்தால் இப்போதும் எனக்கு ஆற்றாமையாக வரும். 2025 ஜூலையில் தாய்லாந்தை அதன் மண்ணிலேயே 2-1 என்று வென்று நம் பெண்கள் ஆசியக் கோப்பைக்குத் தகுதி பெற்ற இரவில், என் பிள்ளைகள் விடுதியில் ஒரே போனைச் சுற்றி உட்கார்ந்து பார்த்தார்கள்.

கல்லூரிப் பயிற்சியாளர் என்பதை ஒரு முழு வாழ்க்கைத் தொழிலாக ஆக்கிய நாடு அமெரிக்கா. அங்கே 1972ல் டைட்டில் நைன் என்ற சட்டம் வந்தது. அரசுப் பணம் வாங்கும் கல்வி நிலையத்தில் ஆண், பெண் பாகுபாடு கூடாது என்பதே அதன் சாரம். அது விளையாட்டு மைதானத்துக்கும் பொருந்தியது. ஏப்ரல் ஹைன்ரிக்ஸ் 1991ல் முதல் மகளிர் உலகக் கோப்பையை வென்ற அமெரிக்க அணிக்குக் கேப்டன். அப்புறம் மேரிலாந்து, விர்ஜினியா பல்கலைக்கழக அணிகளுக்குப் பயிற்சியாளர். 2000ல் தேசிய அணியின் தலைமைப் பயிற்சியாளர், 2004 ஏதென்ஸில் ஒலிம்பிக் தங்கம். எனக்கு அவரைவிடப் பெக்கி பர்லே கதை பிடிக்கும். அவர் ஒரு சிறிய கல்லூரிக்கு ஆடியவர். ஃபுளோரிடா பல்கலைக்கழகம் 1995ல் புதிதாகப் பெண்கள் அணி தொடங்கியபோது அவரிடம் ஒப்படைத்தது. நான்காவது சீசனில், அதுவரை ஏறக்குறைய எல்லாக் கோப்பையும் வாங்கியிருந்த வட கரோலினாவை 1-0 என்று தோற்கடித்து தேசிய சாம்பியன் ஆனார்கள். அதே அணியோடு அவர் 26 சீசன் இருந்தார். அவருக்குத் திறமை இருந்தது, உண்மைதான். கூடவே நான்கு வருடமும் கிடைத்தது. ஒருத்தி முதலாண்டில் வந்து நான்காம் ஆண்டில் வெளியே போகும்வரை ஒரே கண் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது.

அதே அமெரிக்காவில் நாம் கவனிக்க வேண்டிய இன்னொன்றும் நடந்தது. சட்டம் வந்த காலத்தில் கல்லூரிப் பெண்கள் அணிகளில் பத்துக்கு ஒன்பதுக்கு மேல் பெண்களே பயிற்சியாளர்கள். பதவிக்குச் சம்பளமும் மரியாதையும் கூடிய பிறகு ஆண்கள் வந்தார்கள். இப்போது பாதிக்கும் கீழே. இங்கும் அப்படி நடந்துவிடக் கூடாது. ஆண் பயிற்சியாளர்களை நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. எனக்குப் பந்து உதைக்கக் கற்றுத் தந்ததே எங்கள் ஊர் அண்ணன்மார்தான், பள்ளியில் ஸ்டட் ஷூ வாங்கிக் கொடுத்ததும் ஒரு பி.டி. சார்தான். ஆனால் ஆடி முடித்த ஆணுக்குப் போக கிளப் இருக்கிறது, பள்ளி இருக்கிறது, அகாடமி இருக்கிறது. ஆடி முடித்த பெண்ணுக்கு இந்தச் சீமையில் கல்லூரியை விட்டால் வேறு இடம் கிடையாது. தகுதி சமமாக இருக்கும் இடத்தில் அவளை முதலில் கூப்பிடுங்கள்.

பணம் என்று சொல்வீர்கள். மாணவர்களிடம் விளையாட்டுக் கட்டணம் வாங்குகிறீர்கள். ஒரு கௌரவ விரிவுரையாளருக்குக் கொடுக்கும் சம்பளம் இவருக்கும் போதும். அதுவும் கஷ்டம் என்றால், பாளையங்கோட்டையில் ஒன்றுக்கொன்று நடந்து போகும் தூரத்தில் எத்தனை கல்லூரிகள் இருக்கின்றன! இரண்டு கல்லூரி சேர்ந்து ஒரு பயிற்சியாளரை வைத்துக்கொள்ளலாம். காலையில் ஆறு மணிக்கு ஒரு இடம், சாயங்காலம் நாலரைக்கு இன்னொரு இடம். மைதானத்தை மட்டும் அந்த நேரத்தில் பெண்களுக்கு என்று ஒதுக்கிக் கொடுங்கள். இப்போது பையன்கள் ஆடி முடித்து, வெளிச்சம் போன பிறகு மிச்சம் கிடைக்கும் ஓரத்தில்தான் பல இடங்களில் பிள்ளைகள் பந்து உதைக்கிறார்கள். அம்பாசமுத்திரம், வள்ளியூர் பக்கம் போகிறவர்களுக்கு ஆறரை மணிக்குள் பஸ் ஏற வேண்டும் என்ற கவலை வேறு.

வரும் கல்வியாண்டுக்கு நிர்வாகக் குழு கூடும்போது இதை எடுத்துப் பேசுங்கள். நியமனக் கடிதத்தில் குறைந்தது மூன்று வருடம் என்று இருக்க வேண்டும், ஏனென்றால் ஒரு இளங்கலை மாணவி படித்து முடிக்க அத்தனை வருடம் ஆகிறது. சம்பளம் மாதா மாதம், ஏப்ரல், மே சேர்த்து. கர்ப்பகால விடுப்பை மற்ற ஊழியர்களுக்குப் போலவே எழுதிக் கொடுங்கள். ஆடியவர்கள் இந்த வேலையை விட்டுப் போவது பெரும்பாலும் அந்தக் கட்டத்தில்தான், திரும்பி வந்தால் இடம் இருக்காது என்று தெரிந்தே போகிறார்கள். வேலை என்னவென்று கடிதத்திலேயே தெளிவாக இருக்கட்டும், கால்பந்துப் பயிற்சி. விடுதிக் காப்பாளர் வேலையும் கல்லூரி நாள் விழா மேடை அலங்காரமும் அதில் சேராது.

ஆட்கள் கிடைக்க மாட்டார்கள் என்று மட்டும் நினைக்காதீர்கள். இடிந்தகரையிலிருந்து தென்காசி வரை, நன்றாக ஆடி, லைசென்ஸும் எடுத்துவிட்டு, வேறு ஏதோ வேலை பார்த்துக்கொண்டிருக்கும் பெண்களை எனக்குத் தெரியும். நேர்முகத் தேர்வுக்குத் தேதி குறித்துச் சொல்லுங்கள், வந்து நிற்பார்கள். எழுத்துத் தேர்வோடு விடாமல், பதினைந்து பிள்ளைகளைக் கொடுத்து ஒரு மணி நேரம் மைதானத்தில் பயிற்சி நடத்தச் சொல்லிப் பாருங்கள். நீங்களும் கோட்டோரம் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு கல்லூரிக் கால்பந்துப் பயிற்சியாளர்,
பாளையங்கோட்டை